தாழ்ப்பாள் யார் கையில்? டொனால்ட் ஹெப்பும் புலன் மறுப்பு ஆய்வுகளும்

கனடாவின் மாண்ட்ரியால் நகரில், மெக்கில் பல்கலைக்கழகத்தில், 1950களின் தொடக்கத்தில் ஒரு சின்ன அறை இருந்தது. அதில் வசதியான ஒரு கட்டில், கட்டிலில் ஒரு கல்லூரி மாணவர். அவர் கண்ணுக்கு மாட்டியிருந்த கண்ணாடி பால்வெள்ளை நிறம். வெளிச்சம் தெரியும், உருவம் ஒன்றும் தெரியாது. கையில் பருத்திக் கையுறை, அதற்கு மேல் விரல்நுனியையும் தாண்டி நீளும் அட்டைக் குழாய். தலையைச் சுற்றி லாட வடிவில் ஒரு நுரைத் தலையணை. குளிர்சாதன எந்திரத்தின் ஒரே சீரான இரைச்சலைத் தவிர வேறு சத்தம் இல்லை. சாப்பிடவும் கழிப்பறைக்குப் போகவும் எழுந்திருக்கலாம். மற்ற நேரமெல்லாம் படுத்தே கிடக்க வேண்டும்.

இதற்கு நாளொன்றுக்கு 20 டாலர் கூலி. மாணவர்கள் வேறு வேலையில் சம்பாதிக்கக் கூடியதைப் போல இரண்டு மடங்குக்கும் மேல். சும்மா படுத்திருக்கக் காசு என்றால் யார்தான் மறுப்பார்கள்? 22 ஆண் மாணவர்கள் வந்தார்கள். தேர்வுக்குப் படித்ததை அசைபோடலாம், கட்டுரைக்குக் குறிப்பு யோசிக்கலாம் என்று திட்டத்தோடு வந்தவர்களும் உண்டு. பெரும்பாலோரால் இரண்டு மூன்று நாளைத் தாண்ட முடியவில்லை. ஒருவர் இந்த 20 டாலரை உதறிவிட்டு, அதில் பாதிகூடக் கிடைக்காத கடுமையான உடலுழைப்பு வேலைக்குப் போனார்.

இந்த ஆய்வுக்குப் பின்னால் இருந்தவர் டொனால்ட் ஹெப். இருபதாம் நூற்றாண்டின் உளவியலை மூளையோடு சேர்த்துக் கட்டியவர்களில் முதன்மையானவர். அவர் அமைத்த அறையிலிருந்து பாதைகள் பிரிந்தன. ஒன்று ஆய்வுக்கூடங்களுக்குப் போனது. ஒன்று சிகிச்சைக்குப் போனது. இன்னொன்று விசாரணைக் கொட்டடிக்குப் போனது. ஒரே அறை எப்படி இத்தனை இடங்களுக்குப் போய்ச் சேர்ந்தது, அதில் அந்த விஞ்ஞானியின் பொறுப்பு எவ்வளவு என்பதே இக்கட்டுரையின் கேள்வி.

விளையாட்டைத் தண்டனையாக்கிய தலைமையாசிரியர்

ஹெப் 1904ஆம் ஆண்டு ஜூலை 22 அன்று, கனடாவின் கிழக்குக் கரையில் நோவா ஸ்கோஷியா மாகாணத்தின் செஸ்டர் என்ற ஊரில் பிறந்தார். தாய், தந்தை இருவரும் மருத்துவர்கள். மகனுக்கோ நாவலாசிரியராக ஆசை. டல்ஹவுசி பல்கலைக்கழகத்தில் 1925இல் பட்டம் வாங்கியபோது மதிப்பெண்கள் சுமார்தான். பள்ளியில் பாடம் நடத்தினார்; பண்ணை வேலை, கூலி வேலை என்றும் அலைந்தார். ஃப்ராய்டைப் படித்த பிறகு மனம் உளவியல் பக்கம் திரும்பியது. மெக்கில்லில் பகுதிநேர மாணவராகச் சேர்ந்தார். பிழைப்புக்கு மாண்ட்ரியாலில் ஒரு பள்ளியின் தலைமையாசிரியர் வேலை.

அந்தப் பள்ளியில் அவர் செய்து பார்த்த ஒன்று, பின்னாளைய ஆய்வுகள் அத்தனைக்கும் விதை. ஆறு வயதிலிருந்து பதினைந்து வயது வரையிலான சுமார் 600 பிள்ளைகளிடம் ஒரு நாள் அறிவித்தார்: விருப்பமில்லாதவர்கள் யாரும் பாடம் படிக்க வேண்டியதில்லை. வகுப்பில் அடுத்தவரைத் தொந்தரவு செய்தால், மைதானத்துக்குப் போய் விளையாடுவதுதான் தண்டனை. ஒழுங்காக இருந்தால், கூடுதலாகப் படிக்க அனுமதி. ஓரிரு நாளில் பிள்ளைகளுக்கே விளங்கிவிட்டது, வேலை இல்லாமல் இருப்பதைவிட வேலை இருப்பதே பிடிக்கிறது என்று. முந்தைய ஆண்டுகளைவிட அந்த ஆண்டு கணக்கும் நன்றாக வந்தது. மனிதன் இயல்பிலேயே சோம்பேறி என்ற பழைய கருத்தை ஹெப் அன்றைக்கே கைவிட்டார்.

வாழ்க்கை அவரை எளிதாக நடத்தவில்லை. இடுப்பெலும்பில் காசநோய் வந்து மாதக்கணக்கில் படுக்கையில் கிடந்தார். நடையில் சிறு ஊனம் கடைசிவரை தங்கிவிட்டது. 1933இல், தன் 29ஆவது பிறந்தநாளன்று, கார் விபத்தில் மனைவியை இழந்தார். மறு ஆண்டு மாண்ட்ரியாலை விட்டு சிகாகோவுக்குப் போய், கார்ல் லாஷ்லி என்ற மூளை ஆய்வாளரிடம் சேர்ந்தார். லாஷ்லியோடு ஹார்வர்டுக்கு மாறி, 1936இல் முனைவர் பட்டம் பெற்றார். ஆய்வுப் பொருள், பிறந்ததிலிருந்து இருட்டில் வளர்ந்த எலிகளின் பார்வைத்திறன். புலனுக்குத் தீனி இல்லாவிட்டால் மூளை என்னவாகும் என்ற கேள்வி அப்போதே அவரைப் பிடித்துக்கொண்டது.

அதன்பின் மாண்ட்ரியால் நரம்பியல் நிலையத்தில் அறுவை நிபுணர் வைல்டர் பென்ஃபீல்டிடம் வேலை. மூளையின் முன்பகுதியில் கணிசமான அளவை வெட்டி எடுத்த பிறகும், சில நோயாளிகள் அறிவுத்திறன் சோதனைகளில் முன்போலவே மதிப்பெண் வாங்குவதைக் கண்டு ஹெப் வியந்தார். 1942 முதல் ஐந்து ஆண்டுகள் ஃப்ளோரிடாவின் யெர்க்ஸ் ஆய்வகத்தில் சிம்பன்சிகளோடு கழித்தார். களிமண்ணில் செய்த ஒரு சிம்பன்சித் தலையைக் காட்டினாலே அவை அலறி ஒதுங்கின. யாரும் அவற்றுக்கு அந்தப் பயத்தைக் கற்றுத்தரவில்லை. பழகிய உருவத்தில் ஏதோ குலைந்து தெரிந்ததே அச்சத்துக்குப் போதுமாயிற்று.

1947இல் மெக்கில்லுக்குத் திரும்பினார். 1949இல் ‘நடத்தையின் ஒழுங்கமைப்பு’ என்று பொருள்படும் தலைப்பில் அவருடைய நூல் வெளிவந்தது. ஒரு நரம்புச்செல் அடுத்த செல்லைத் திரும்பத் திரும்பத் தூண்டிவந்தால், இரண்டுக்கும் இடையிலான இணைப்பு வலுப்படும். அப்படி இணைந்த செல்கள் தொகுதியாகி, நினைவுக்கும் எண்ணத்துக்கும் அடிப்படையாகும். இதுவே அந்நூலின் மையக் கருத்து. இன்று கணினியில் இயங்கும் செயற்கை நரம்பு வலையமைப்புகளின் பூர்வீகத்தைத் தேடிப் போகிறவர்களும் இந்த ‘ஹெப் விதி’யில்தான் வந்து நிற்பார்கள்.

கருத்தைச் சொன்னதோடு அவர் நிற்கவில்லை. சில எலிகளை வீட்டுக்கே கொண்டுபோய்ப் பிள்ளைகளின் செல்லப் பிராணிகளாக வளர்த்தார். வீடெங்கும் ஓடித் திரிந்த அந்த எலிகள், கூண்டில் வளர்ந்த எலிகளைவிடச் சிக்கல்வழிச் சோதனைகளில் தேறின. அவருடைய மாணவர் ரொனால்ட் மெல்சாக், தனிமைக் கூண்டில் வளர்த்த நாய்க்குட்டிகளை ஆராய்ந்தார். எரியும் தீக்குச்சியில் மூக்கைச் சுட்டுக்கொண்ட பிறகும் அவை விலகாமல் மறுபடி முகர்ந்து பார்த்தன. வலிக்கு விலகுவதைக்கூட அனுபவத்தில்தான் கற்க வேண்டியிருக்கிறது. அந்த வியப்பே மெல்சாக்கைப் பின்னாளில் வலி பற்றிய புகழ்பெற்ற கோட்பாட்டுக்கு இட்டுச் சென்றது.

ரிட்ஸ்-கார்ல்ட்டனில் ஒரு சந்திப்பு

வளரும் மூளைக்குப் புலனனுபவம் உணவு என்பது இவ்வளவில் தெளிவாகிவிட்டது. வளர்ந்து முடிந்த மூளைக்கும் அது தேவையா? இந்தக் கேள்வியை ஆராய ஹெப்புக்குப் பணம் கிடைத்த விதத்தில்தான் சிக்கல் தொடங்குகிறது.

1949இல் புடாபெஸ்ட் நீதிமன்றத்தில் ஹங்கேரியின் கர்தினால் மின்ட்சென்டி, உணர்ச்சியற்ற முகத்தோடு நின்று, நம்ப முடியாத குற்றங்களை ஒப்புக்கொண்டார். ‘மூளைச்சலவை’ என்ற சொல் அடுத்த ஆண்டு செய்தித்தாள்களுக்கு வந்தது. சோவியத் அணி ஏதோ புது வித்தை கற்றுவிட்டது என்ற பீதி மேற்கத்திய அரசுகளைப் பிடித்தது. 1951 ஜூன் 1 அன்று மாண்ட்ரியாலின் ரிட்ஸ்-கார்ல்ட்டன் விடுதியில் ஒரு கூட்டம் நடந்தது. பிரிட்டனின் சர் ஹென்றி டிசார்ட், கனடாவின் பாதுகாப்பு ஆய்வு வாரியத் தலைவர் ஓமண்ட் சோலண்ட், அமெரிக்கத் தரப்பினர் ஆகியோருடன் ஹெப்பும் இருந்தார். மனிதனைப் புலன் தூண்டல்களிலிருந்து துண்டித்தால் அவன் மனம் வெளிக்கருத்துக்கு எளிதில் இடம் கொடுக்குமா என்று பார்க்கலாம் என்றார் ஹெப். எக்ஸ்-38 என்ற எண்ணில் வாரியத்தின் ஒப்பந்தம் வந்தது. நோக்கம் ரகசியமாக வைக்கப்பட்டது. ரேடார் திரையை மணிக்கணக்கில் பார்க்கிறவர்களுக்கு ஏற்படும் சலிப்பைப் பற்றிய ஆய்வு என்றே வெளியே சொல்லப்பட்டது.

மூட்டை சுமந்த அணில்கள்

ஹெப்பின் வழிகாட்டலில் பெக்ஸ்டன், ஹெரான், ஸ்காட் ஆகிய மூவரும் நடத்திய சோதனையின் முடிவுகள் 1954இல் வெளியாயின. மாணவர்கள் முதலில் நிறையத் தூங்கினார்கள். பிறகு யோசிக்க முயன்றார்கள். கொஞ்ச நேரத்தில் எண்ணம் எதிலும் நிற்காமல் நழுவியது. எரிச்சல் வந்தது. தனக்குத் தானே பேசினார்கள், சீழ்க்கை அடித்தார்கள்.

அப்புறம் கண்ணுக்குள் காட்சிகள் வரத் தொடங்கின. முதலில் ஒளிப்புள்ளிகள், கோடுகள், சுவர்த்தாள் போன்ற வடிவங்கள். பிறகு முழு உருவங்கள். ஒருவர் பனிவெளியில் அணில்கள் தோளில் மூட்டையோடு வரிசையாக நடந்துபோவதைக் கண்டார். இன்னொருவருக்கு மூக்குக் கண்ணாடிகள் அணிவகுத்துப் போயின. இன்னொருவருக்குக் காட்டுக்குள் ஆதிகால விலங்குகள். குட்டி ராக்கெட் ஒன்று தன் கையில் சுடுவதாக உணர்ந்தவரும் உண்டு. வேடிக்கையாகத் தொடங்கிய காட்சிகள், தூங்கவும் விடாமல் தொடர்ந்தபோது தொல்லையாயின.

என்னை நிறுத்தி யோசிக்கவைத்த விவரம் வேறு. உள்ளே இருந்தவர்களுக்குக் கேட்க ஒலிப்பதிவுகள் இருந்தன. ஆறு வயதுக் குழந்தைகளுக்கு மதுவின் தீமையை விளக்கும் பேச்சு அதில் ஒன்று. வளர்ந்த ஒரு கல்லூரி மாணவர், 30 மணி நேரத்துக்குள் அந்தப் பேச்சைப் பதினைந்து இருபது தடவை போடச் சொல்லிக் கேட்டார். மற்றவர்கள் பழைய பங்குச்சந்தை நிலவர அறிக்கையைத் திரும்பத் திரும்பக் கேட்டார்கள். பசித்தவனுக்குப் பழைய சோறும் அமிர்தம் என்போமே, மனதின் பசிக்கும் அதே கதிதான்.

இந்தப் பசி ஆபத்தானது என்பதையும் சோதனை காட்டியது. பேய், ஆவி, தொலைவிலுணர்தல் எல்லாம் உண்மை என்று வாதிடும் பதிவுகளையும் போட்டார்கள். வெளியே இருந்து அதையே கேட்டவர்களைவிட, அறைக்குள் கிடந்து கேட்டவர்களின் நம்பிக்கை கூடுதலாக மாறியது. சிலர் வெளியே வந்தபின் நூலகத்தில் அது பற்றிய புத்தகங்களைத் தேடிப் போனார்கள். அறையை விட்டு வந்த சற்று நேரத்துக்கு அவர்களுக்குச் சுவர்கள் வளைந்தன, பொருட்கள் வீங்கிச் சுருங்கின. மூளை மின்னலைகளும் மாறியிருந்தன.

வளர்ந்த மூளையும் மாறும் உலகத்தை ஓயாமல் உண்டுதான் ஒழுங்காக இயங்குகிறது என்ற முடிவு இதிலிருந்து கிடைத்தது. தூண்டல் மிகக் குறைந்தாலும் மிகக் கூடினாலும் சிந்தனை கெடும். நடுவில் ஓர் அளவில்தான் மனம் நன்றாக வேலை செய்யும் என்று ஹெப் 1955இல் எழுதினார். ஆய்வு மூளைச்சலவை குறித்த கேள்வியிலிருந்தே தொடங்கியது என்பதை 1958இல் ஹார்வர்டில் நடந்த கருத்தரங்கில்தான் அவர் வெளிப்படையாகச் சொன்னார். அதற்குமுன் சொல்ல அனுமதி இருக்கவில்லை.

பயமுறுத்தும் பொத்தான்

மெக்கில் முடிவுகள் உலகெங்கும் ஆய்வாளர்களை ஈர்த்தன. பிரின்ஸ்டனில் ஜாக் வெர்னன் இருட்டறை அமைத்தார். மனிட்டோபா பல்கலைக்கழகத்தில் ஜான் சூபெக் 1959 முதல் ஒரு வாரம், அதற்கும் மேல் என்று நீண்ட சோதனைகளை நடத்தினார். 1969இல் அவர் தொகுத்த நூல், பதினைந்து ஆண்டு ஆய்வுகளையும் ஒன்றாக எடை போட்டது. மெக்கில்லில் கண்டது போன்ற விரிவான காட்சிகள் பிற இடங்களில் அவ்வளவாக வரவில்லை. பலரால் ஒரு வாரத்தையும் தாங்க முடிந்தது. கண்ணைக் கட்டி வைத்தால் தோலின் தொடுவுணர்வும் வலியுணர்வும் கூர்மையாவதையும் சூபெக் கண்டார்.

அப்படியானால் மெக்கில் மாணவர்களை வாட்டியது எது? 1964இல் மார்ட்டின் ஆர்னும் கார்ல் ஷைபேயும் செய்த எளிய சோதனை இதற்குப் பாதி விடை தந்தது. நல்ல வெளிச்சமுள்ள சாதாரண அறையில், புலன்களை எதுவும் மறைக்காமல், ஆட்களை நான்கு மணி நேரம் உட்காரவைத்தார்கள். ஒரு பாதிப் பேரிடம் மட்டும் முன்னதாகப் பொறுப்புத்துறப்புப் படிவத்தில் கையெழுத்து வாங்கி, அவசர மருந்துத் தட்டைக் காட்டி, தாங்க முடியாவிட்டால் அழுத்துங்கள் என்று ஓர் அபாயப் பொத்தானையும் கொடுத்தார்கள். அந்தப் பாதிப் பேருக்குத்தான் குழப்பமும் அமைதியின்மையும் அதிகம். எதிர்பார்ப்பும் அச்சமுமே அறிகுறிகளில் ஒரு பங்கை உண்டாக்கின. புலன் மறுப்பு பற்றிய எந்த முடிவையும் இந்தச் சோதனையை ஒதுக்கிவிட்டுப் பேச முடியாது.

எதிர்பார்ப்பு நல்லதாக இருந்தால் விளைவும் நல்லதாகலாம். அமெரிக்காவின் பெதஸ்டாவில் ஜான் லில்லி 1954இல், உடல் சூட்டுக்கு நெருங்கிய வெதுவெதுப்பான நீர்த்தொட்டியில் தானே மிதந்து பார்த்து, அதை ஆழ்ந்த அமைதியாக உணர்ந்தார். எப்சம் உப்புக் கரைத்த இன்றைய மிதவைத் தொட்டிகள் அதன் வாரிசுகள். ஆனால் இந்தத் துறையின் முகத்தையே மாற்றியவர் பீட்டர் சூட்ஃபெல்ட். 1935இல் புடாபெஸ்ட் யூதக் குடும்பத்தில் பிறந்தவர். தாயை ஆஷ்விட்ஸ் முகாமில் இழந்து, பொய்ப் பெயரில் ஒளிந்து உயிர்பிழைத்தவர். பிரின்ஸ்டனில் படித்து, 1972 முதல் கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் பணியாற்றினார். ‘மறுப்பு’ என்ற சொல்லே மக்களை மிரட்டுகிறது என்று, ‘தூண்டல் குறைந்த சூழல்’ என்ற பொருளில் புதுப் பெயர் வைத்தார். அபாயப் பொத்தான் போன்ற மிரட்டல்களை விலக்கினார். புகைப்பழக்கத்தை விட விரும்பியவர்களை 24 மணி நேரம் இருட்டும் அமைதியுமான அறையில் படுக்கவைத்தார். பழக்கத்தை விட அது உதவியது. பின்னர் அண்டார்க்டிகா, விண்வெளி போன்ற தனிமைச் சூழல்களில் மனிதர்கள் எப்படித் தாக்குப்பிடிக்கிறார்கள் என்பதிலும் அவர் கவனம் சென்றது.

வெளியே பூட்டிய கதவு

இனி மூன்றாவது பாதை. மெக்கில்லோடு இணைந்த ஆலன் நினைவு மனநல நிலையத்தில் இவென் கேமரன், மனச்சோர்வு போன்ற சாதாரணக் குறைகளோடு வந்த நோயாளிகளை நாள்கணக்கில் மருந்தால் உறங்கவைத்தார். கடுமையான மின் அதிர்ச்சி கொடுத்தார். ஒரே வாக்கியத்தை ஒலிப்பதிவில் ஓயாமல் ஓடவிட்டார். புலன் மறுப்பையும் சேர்த்துக்கொண்டார். அமெரிக்க உளவு அமைப்பான சிஐஏ ஒரு போலி அமைப்பின் வழியாக 1957 முதல் அதற்குப் பணம் தந்தது. நோயாளிகளிடம் சம்மதம் கேட்கவில்லை. பலர் நினைவிழந்து, வாழ்வு குலைந்து வீடு திரும்பினார்கள். கனடிய அரசு 1992இல் 77 பேருக்கு ஆளுக்கு ஒரு லட்சம் டாலர் வழங்கியது. கேமரனின் ஆய்வை ஹெப் பின்னாளில் கடுமையாகக் கண்டித்தார்.

1963இல் சிஐஏ எழுதிய குபார்க் எனும் விசாரணைக் கையேடு, லில்லி முதலானோரின் ஆய்வுக் கட்டுரைகளை எடுத்துக்காட்டி, கைதியைப் புலனனுபவத்திலிருந்து துண்டிப்பது பற்றி விவரித்தது. 1971இல் வட அயர்லாந்தில் பிரிட்டிஷ் படைகள் நூற்றுக்கணக்கானோரைப் பிடித்தபோது, 14 பேரைப் பிரித்தெடுத்தார்கள். தலையில் மூட்டைபோல் துணி மூடி, சுவரில் கை ஊன்றி மணிக்கணக்கில் நிற்கவைத்து, காதில் இடைவிடாத இரைச்சலைப் பாய்ச்சி, தூக்கத்தையும் உணவையும் மறுத்தார்கள். கண்ணாடிக்குப் பதில் துணிமூடி, குளிர்சாதன முனகலுக்குப் பதில் பேரிரைச்சல். மெக்கில் அறையின் உறுப்புகள் ஒவ்வொன்றும் அங்கே கொடூர வடிவில் இருந்தன. பிரிட்டன் 1972இல் அந்த முறைகளைக் கைவிட்டது. ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் 1978இல் அதை ‘மனிதத்தன்மையற்ற நடத்தை’ என்றது. ‘சித்திரவதை’ என்று சொல்லத் தயங்கியது. அதே செயல் இன்றைய அளவுகோலில் சித்திரவதையாகவே கருதப்படக்கூடும் என்று பிரிட்டனின் உச்ச நீதிமன்றம் 2021இல் சொல்ல, ஐம்பது ஆண்டுகள் கடந்திருந்தன.

ஹெப்பின் பொறுப்பு

வரலாற்றாசிரியர் ஆல்ஃபிரட் மெக்காய் 2006இல் வெளியிட்ட நூலில், அமெரிக்கச் சித்திரவதை முறைகளின் மூலத்தை மெக்கில் அறை வரை தேடிச் சென்று, ஹெப்பைக் குற்றஞ்சாட்டினார். மறு ஆண்டே ரிச்சர்ட் பிரவுன் என்ற உளவியலாளர் விரிவான மறுப்பு எழுதினார்: ஹெப் சிஐஏவுக்கு வேலை செய்தவர் அல்லர், மூளைச்சலவையை எதிர்கொள்வதே வாரியத்தின் நோக்கம், மாணவர்கள் விரும்பி வந்தார்கள், விரும்பியபோது போனார்கள்.

இருவரையும் படித்தபின் என் முடிவு இது. ஹெப்பைச் சித்திரவதைக்காரர் என்பது அநியாயம். அவருடைய அறையில் கதவு பூட்டியிருக்கவில்லை. பக்கத்தில் எப்போதும் ஆய்வாளர் ஒருவர் இருந்தார். ஆனால் அவரைக் குறையே இல்லாதவர் என்பதும் உண்மையாகாது. கட்டில், கூலி, சாப்பாடு எல்லாம் இருந்தும், சில நாளில் ஒரு மாணவனின் எண்ணம் எவ்வளவு வளைந்துகொடுக்கிறது என்று அவர் கண்ணால் கண்டார். பூட்டிய கொட்டடியில் இது என்ன செய்யும் என்பது அவருக்குப் புரியாமலிருக்க வழியில்லை. அந்த உண்மையை உளவுத்துறைகள் முதலில் தெரிந்துகொண்டன. பொதுமக்களுக்கு ரேடார் கதை சொல்லப்பட்டது. அந்த ரகசியத்துக்கு அவர் சம்மதித்தார். அந்தச் சம்மதமே அவர் மீதான குறை.

சூட்ஃபெல்டின் அறையும் வட அயர்லாந்தின் கொட்டடியும் இருட்டிலும் தனிமையிலும் ஒன்றுபோலத் தெரியலாம். ஒன்றில் தாழ்ப்பாள் உள்பக்கம் இருந்தது, மற்றதில் வெளிப்பக்கம். ஆர்ன் காட்டிய அச்சமும் எதிர்பார்ப்பும் இங்கேதான் முழு வலுவோடு வேலை செய்கின்றன. எப்போது முடியும் என்று தெரியாதவனின் இருட்டு, நினைத்தால் எழுந்து போகலாம் என்று படுத்திருப்பவனின் இருட்டு ஆகாது. சிறைத் தனிமை எல்லோரையும் ஒரே மாதிரி பாதிப்பதில்லை என்று சூட்ஃபெல்ட் போன்றோர் வாதிட்டதுண்டு. ஆயினும் மனநல மருத்துவர் ஸ்டூவர்ட் கிராசியன் 1983இல் தனிக்கொட்டடிக் கைதிகளிடம் கண்ட பிரமைகளும் பீதியும் மெக்கில் குறிப்புகளை நினைவூட்டுகின்றன. ஐ.நா. 2015இல் ஏற்ற மண்டேலா விதிகள், நாளுக்கு 22 மணி நேரத்துக்குக் குறையாத தனிமையைத் தொடர்ந்து 15 நாளுக்கு மேல் நீட்டிப்பதைத் தடைசெய்கின்றன.

ஹெப் 1960இல் அமெரிக்க உளவியல் சங்கத்தின் தலைவரானார். 1970இல் மெக்கில்லின் வேந்தரானார். ஓய்வுக்குப் பின் பிறந்த மாகாணத்துக்கே திரும்பி, 1985 ஆகஸ்ட் 20 அன்று காலமானார். மனம் உலகத்தைத் தின்று வாழ்கிறது என்று அவர் கற்றுத்தந்தது என்றும் நிற்கும். உளவியல் படிக்கும் இளைஞர்களுக்கு அவருடைய வாழ்க்கை விட்டுச்செல்லும் பாடம் ஒன்று உண்டு. எந்த ஆய்வுத் திட்டத்திலும் கையெழுத்திடும் முன் மூன்று கேள்விகளைக் கேளுங்கள்: இதற்குப் பணம் தருபவர் யார்? முடிவை முதலில் படிக்கப்போகிறவர் யார்? உள்ளே இருப்பவர் நினைத்த நேரத்தில் எழுந்து வெளியே வர முடியுமா?